பாதாளத்தில் பிறந்த பகைவர்கள்

(கோலார் தங்கவயல், ராபர்ட்சன்பேட்டையில் நிகழ்த்திய சொற்பொழிவு)

 

இன்றைய பேச்சுக்கு நான் எழுதிக் கொடுத்த தலைப்பை நம் செயலாளர் இரண்டு முறை கண்ணாடியைத் துடைத்துக்கொண்டு வாசித்தார். கும்பகர்ணனைப் பற்றிப் பேசுகிறேன் என்றிருந்தால் அவருக்கு ஆட்சேபணை இருந்திராது. சிலம்பிலே வருகிற சதுக்கப் பூதத்தைப் பற்றி என்றாலும் மனமுவந்து ஒலிபெருக்கியைத் தந்திருப்பார். நானோ, பிள்ளைகள் இராத்திரியில் கதவைச் சாத்திக்கொண்டு ஆடுகிற வீடியோ விளையாட்டுகளில் இருட்டிலிருந்து ஊர்ந்து வருகிற கோர ரூபங்களைப் பற்றிப் பேசப்போவதாக எழுதியிருந்தேன். "வாத்தியாரே, நம்ம ஊருக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்?" என்று அவர் கேட்டார். சம்பந்தம் இருக்கிறது. வேறெந்த ஊருக்கும் இல்லாத அளவுக்கு இந்த ஊருக்கு இருக்கிறது என்பதே என் அபிப்பிராயம். கேட்டு முடித்த பிறகு, இல்லை என்று தோன்றினால் செயலாளர் அடுத்த முறை என்னை அழைக்க வேண்டாம்.

முதலில், பெரியவர்களுக்காக, இந்த விளையாட்டு இன்னதென்று சொல்லிவிடுகிறேன். 'சர்வைவல் ஹாரர்' என்று இதற்குப் பெயர். 1996-ஆம் ஆண்டில் ஜப்பானிலுள்ள காப்காம் நிறுவனம், ஷின்ஜி மிக்காமி என்பவருடைய தலைமையில் வெளியிட்ட 'ரெசிடென்ட் ஈவில்' என்ற விளையாட்டிலிருந்துதான் இந்தப் பெயர் உலகமெங்கும் பரவியது. மற்ற யுத்த விளையாட்டுகளிலே ஆடுபவன் வேட்டைக்காரன். இதிலே அவன் வேட்டையாடப்படுபவன். துப்பாக்கி இருக்கும், தோட்டா இராது. வழி இருக்கும், வெளிச்சம் இராது. ஓடலாம், ஆனால் கதவு திறக்குமா என்பது தெரியாது. எப்படியாவது உயிரோடு அடுத்த அறைக்குப் போய்ச் சேர வேண்டும், ஆட்டம் அவ்வளவுதான்.

கந்த சஷ்டியிலே நாம் சூரசம்ஹாரம் பார்க்கிறோம் அல்லவா? யானைத் தலை போய்ச் சிங்கத் தலை வரும், சிங்கத் தலை போய்ச் சூரனுடைய சொந்தத் தலை வரும். தலை மாறுகிற ஒவ்வொரு தடவையும் அப்பன் தோளில் உட்கார்ந்திருக்கும் குழந்தை கை கொட்டிச் சிரிக்கிறது. ஏன் சிரிக்கிறது? வேல் வரும் என்று அதற்குத் தெரியும். அசுரன் தோற்பதற்கென்றே செய்யப்பட்ட பொம்மை. கலிங்கத்துப்பரணியிலே பேய்கள் பிணங்களைக் கொண்டு கூழ் சமைக்கின்றன. படிக்கிற நமக்கு அருவருப்பும் சிரிப்பும் சேர்ந்தே வருகின்றன, பயம் வருவதில்லை. இந்த விளையாட்டுகளிலே வருகிற பகைவர்களோ, ஆடுபவனை உள்ளங்கை வியர்க்க வைப்பதற்காகவே சிருஷ்டிக்கப்பட்டவர்கள். அவர்களை வென்றாலும் வென்றோம் என்ற நினைப்பு வருவதில்லை, தப்பித்தோம் என்ற பெருமூச்சுத்தான் வருகிறது.

இந்தச் சிருஷ்டியின் ரகசியம் என்ன? அதற்கு ஜப்பானுக்குப் போக வேண்டியதில்லை. தொல்காப்பியருடைய மெய்ப்பாட்டியலுக்குப் போனால் போதும். மனிதனுக்கு அச்சம் எவற்றால் பிறக்கிறது என்று அவர் நான்கு காரணங்களைச் சொல்கிறார்: பேயும் தெய்வமுமாகிய அணங்கு, கொடிய விலங்கு, கள்வர், தனக்கு மேலே இருக்கிற இறைவனாகிய அரசன். நான்காவதைக் கவனியுங்கள். புலிக்கும் பேய்க்கும் அஞ்சுகிறவன், தன்னை ஆளுகிறவனுக்கும் அஞ்சுகிறான்! அடுத்து, இளிவரல் என்கிற அருவருப்புக்கு அவர் சொல்கிற காரணங்கள் மூப்பு, பிணி, வருத்தம், மென்மை என்பவை. மென்மை என்றால் இங்கே மிருதுத் தன்மையன்று. வறுமைப்பட்டு எளிமையாகிப் போன நிலை. அச்சத்தையும் இளிவரலையும் ஒரே சட்டியில் போட்டுக் கிளறினால் கிடைப்பதுதான் இந்த விளையாட்டுகளின் கோர ரூபம். பயானக ரசமும் பீபத்ச ரசமும் கலந்த கலவை என்று வடமொழி அலங்கார சாஸ்திரிகள் சொல்வார்கள்.

அந்த நான்கையும் மறுபடி எண்ணிப் பாருங்கள். மூப்பு, பிணி, வருத்தம், எளிமை. ஐம்பது வயதுக்குள் கிழடு தட்டி, நெஞ்சு இரைக்க, முதுகு வளைந்து, சுரங்கத் தொழிலாளர் லைன் வீட்டுத் திண்ணையிலே குந்தியிருந்த மனிதர்களை இந்த ஊரில் நாம் எத்தனை பேரைப் பார்த்திருக்கிறோம்! உலகத்துக் கலைஞர்கள் அருவருப்பான உருவமொன்றைக் கற்பனை செய்ய உட்கார்ந்தபோது, அவர்கள் கை தானாகவே யாருடைய உடம்பை வரைந்தது என்பதைத்தான் இனிச் சொல்லப்போகிறேன்.

2008-ஆம் ஆண்டில் அமெரிக்காவிலிருந்து 'டெட் ஸ்பேஸ்' என்றொரு விளையாட்டு வந்தது. கதை நடப்பது 26-ஆம் நூற்றாண்டில். பூமியில் உலோகங்களெல்லாம் தீர்ந்துபோய், மனிதர்கள் வேறு கிரகங்களைப் பாறை பாறையாகப் பிளந்து தாது எடுக்கிற காலம். இஷிமுரா என்பது அப்படிக் கிரகத்தைப் பிளக்கிற ஒரு ராட்சதச் சுரங்கக் கப்பல். கப்பலிலிருந்து பேச்சு மூச்சில்லை. பழுது பார்க்க ஓர் இஞ்சினீயர் போகிறார். ஐசக் கிளார்க் என்று பெயர். போய்ப் பார்த்தால், கப்பலிலிருந்தவர்களும் கீழே கிரகத்துக் குடியிருப்பிலே இருந்த சுரங்கத் தொழிலாளிகளும் செத்துப்போய், செத்த பிறகு எழுந்திருக்கிறார்கள். எலும்பு கைகளைக் கிழித்துக்கொண்டு அரிவாளாக நீள்கிறது. தாடை தொங்குகிறது. நெக்ரோமார்ஃப் என்று அவற்றுக்குப் பெயர். தலையிலே சுட்டால் சாவதில்லை. காலையும் கையையும் துண்டித்தால்தான் விழும். இந்த விதி ஒன்றுதான் அந்த விளையாட்டைப் புகழுக்குக் கொண்டுவந்தது. மனிதனாக இருந்தவனைக் கூறு கூறாக்காமல் தப்ப முடியாது என்று விதித்தபோது, ஆடுபவனுடைய பயத்திலே கொஞ்சம் குற்றவுணர்ச்சியையும் கலந்துவிட்டார்கள்.

ஐசக் கிளார்க்கின் கையிலிருக்கும் ஆயுதம் என்ன என்று கேளுங்கள். பீரங்கியா? இயந்திரத் துப்பாக்கியா? இல்லை. பாறை வெட்டுகிற கருவி! சுரங்கத்திலே கல்லை அறுக்கப் பயன்படுகிற பிளாஸ்மா கட்டர்தான் அவனுடைய முதல் ஆயுதம். அவன் சிப்பாயல்ல, பட்டறை ஆள். உத்தியோகத்துக்கு வந்த சாமானைக்கொண்டே உயிரைக் காப்பாற்றிக்கொள்கிறான். உளியும் சம்மட்டியும் பிடித்த கைகள் நிறைந்த ஊரிலே இதைச் சொல்லும்போது எனக்கே கொஞ்சம் பெருமையாகத்தான் இருக்கிறது. ஆனால் அந்தக் கருவி யார்மேல் பாய்கிறது? அதே கருவியைப் பிடித்து வேலை செய்து செத்தவன்மேல் பாய்கிறது! தொழிலாளியின் சாமானைக்கொண்டே தொழிலாளியின் பிணத்தை வெட்டிக் கடந்து போக வேண்டிய கதை அது. நடுநடுவே அந்தச் செத்தவர்கள் விட்டுப்போன குரல் பதிவுகள் கிடைக்கின்றன. வேலை அலுப்பு, வீட்டு நினைப்பு, மேலதிகாரிமேல் கோபம், பயம் எல்லாம் கேட்கின்றன. ஒருவனுடைய குரலைக் கேட்டு முடித்துத் திரும்பினால், அவனாக இருந்தது கூரையிலிருந்து இறங்குகிறது. அந்த விளையாட்டைச் செய்தவர்களுக்கு மனசாட்சி இருந்தது என்பதற்கு எனக்கு அந்தப் பதிவுகளே அத்தாட்சி.

'ரெசிடென்ட் ஈவில்' கதையிலும் நடமாடும் பிணங்கள் தாமாகக் கிளம்பியவையல்ல. அம்பிரெல்லா என்ற கம்பெனியின் ஆராய்ச்சிச் சாலையில் உண்டானவை. தொல்காப்பியர் சொன்ன நான்காவது காரணம் நினைவுக்கு வருகிறதா? அணங்கு முன்னால் நிற்கிறது. இறை பின்னால் கணக்குப் புத்தகத்தோடு உட்கார்ந்திருக்கிறது.

இனி, 'சைலன்ட் ஹில்' என்ற பட்டணத்துக்குப் போவோம். 1999-இல் கொனாமி நிறுவனம் வெளியிட்டது. ஆளரவமற்ற ஊர். எங்கும் மூடுபனி. அக்காலத்துப் பிளேஸ்டேஷன் இயந்திரத்துக்குத் தொலைதூரக் காட்சிகளைத் தீட்டிக் காட்டுகிற சக்தி போதாததால், அந்தக் குறையை மறைக்க மூடுபனியைப் போர்த்தினார்கள். அந்தக் குறையே கடைசியில் அந்த ஊரின் ஆத்மாவாகிவிட்டது. கதாநாயகனுடைய சட்டைப் பையிலே ஒரு சின்ன வானொலிப் பெட்டி. கோர ரூபம் பக்கத்தில் வந்தால் அது கரகரவென்று இரையும். கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. இரைச்சல் மட்டும் கூடிக்கொண்டே போகும். பிறகு எங்கிருந்தோ ஒரு சங்கு ஊதும். சங்கு ஊதினால் ஊர் உருமாறும். சுவர்களெல்லாம் துருவும் இரத்தமுமாகிவிடும்.

மூடிக்கிடக்கும் ஊர், காற்றிலே மிதக்கிற வெண்மை, சங்கு! இதையெல்லாம் கேட்கும்போது உங்களுக்கு என்ன தோன்றுகிறது? பங்குனி, சித்திரைக் காற்றிலே சுரங்கக் கழிவாகிய சயனைடு மேட்டிலிருந்து கிளம்பி, உலர்த்தின துணியிலும் மூடாத சோற்றிலும் படிகிற தூசி தோன்றவில்லையா? ஷிப்டுக்கு ஷிப்டு ஊதி, நம் வீட்டு அடுப்பையும் பள்ளிக்கூடத்தையும் உறக்கத்தையும் ஆட்டிவைத்த சங்கு தோன்றவில்லையா? இந்த விளையாட்டை 2006-இல் திரைப்படமாக எடுத்தபோது, அதற்குத் திரைக்கதை எழுதியவர் பென்சில்வேனியாவிலுள்ள சென்ட்ரேலியா என்ற ஊரை மனத்தில் வைத்துக்கொண்டார். அது நிலக்கரிச் சுரங்க ஊர். 1962-இல் நிலத்தடிக் கரியிலே பற்றிய நெருப்பு அணையாமல் இன்னும் எரிந்துகொண்டிருக்கிறது. ஜனங்களில் ஏறக்குறைய எல்லோரும் ஊரைவிட்டே போய்விட்டார்கள். பேய்க்கதை சொல்ல வேண்டுமென்றால் உலகத்தார் கைவிடப்பட்ட சுரங்க ஊரைத்தான் தேடிப் போகிறார்கள்! 2001-ஆம் ஆண்டு பிப்ரவரி 28-ஆம் தேதி இங்கே சுரங்கம் மூடப்பட்டது. அதே ஆண்டில் வெளிவந்ததுதான் 'சைலன்ட் ஹில்' இரண்டாம் பாகமும், மசாஹிரோ இட்டோ என்ற ஓவியர் அதற்காக உருவாக்கிய பிரமிட் ஹெட் என்ற புகழ்பெற்ற கொடியவனும். இரும்புக் கூம்பைத் தலையாக உடைய அவனுக்கு முகம் கிடையாது. கதாநாயகனுடைய பாவமே அவனாக வந்து நிற்கிறது என்கிறார்கள். அங்கே முகமில்லாதவன் பிறந்தான். இங்கே முகவரியில்லாமல் ஆயிரக்கணக்கானோர் நின்றார்கள். தற்செயலான ஒற்றுமைதான், இதற்கு மேல் அதை இழுக்க மாட்டேன்.

நண்பர்களே! இப்போது நான் சொல்லவந்த இடத்துக்கு வருகிறேன்.

என் பேரன் பெங்களூரில் வேலை பார்க்கிறான். நம் ஊர்ப் பிள்ளைகளெல்லாம் போகிற அதே ரயிலில், மாரிக்குப்பத்தில் ஏறி, இருட்டோடு போய் இருட்டோடு திரும்புகிறவன். ஒரு ஞாயிற்றுக்கிழமை இரவு அவன் அறையில் விளக்கில்லை. திரையின் நீல வெளிச்சம் மட்டும். இரண்டு கையாலும் அந்த விசைப்பிடியை மார்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு, மூச்சைக்கூட அடக்கி, சிலைபோல் உட்கார்ந்திருந்தான். "என்னடா?" என்றேன். உதடு அசையாமல், "தாத்தா, பேசாதீங்க... கை ஆடினா செத்துடுவேன்" என்றான்.

'அன்டில் டான்' என்பது அந்த விளையாட்டு. இங்கிலாந்திலே சூப்பர்மாசிவ் கேம்ஸ் என்ற நிறுவனம் செய்து 2015-இல் வெளியிட்டது. அதிலே வருகிற பகைவனுக்கு வெண்டிகோ என்று பெயர். வட அமெரிக்காவின் ஆதிக்குடிகளாகிய ஒஜிப்வே, கிரீ முதலான மக்களுடைய பழங்கதைகளிலே, பஞ்சகாலத்தில் மனித மாமிசம் தின்றவனைப் பற்றிக்கொள்கிற ஆவி அது. தின்னத் தின்னப் பசிக்கும். விளையாட்டைச் செய்தவர்கள் அந்த ஆவியைக் கொண்டுபோய் ஒரு சுரங்கத்தில் வைத்தார்கள். 1952-ஆம் ஆண்டில் ஒரு மலைச் சுரங்கம் சரிந்து தொழிலாளிகள் உள்ளே அகப்பட்டுக்கொள்கிறார்கள். வாரக்கணக்கில் உதவி வரவில்லை. செத்தவர்களைத் தின்று பிழைத்தவர்களைக் கடைசியில் மேலே கொண்டுவந்து ஒரு சானடோரியத்தில் வைக்கிறார்கள். அங்கே அவர்கள் மெல்ல மெல்ல உருமாறுகிறார்கள். முடி உதிர்கிறது, கை கால் நீள்கிறது, தோல் எலும்போடு ஒட்டுகிறது, கண் வெளுக்கிறது. அந்தக் கண்ணுக்கு அசைவது மட்டுமே தெரியும், அசையாதவனைத் தெரியாது. ஆகையால் ஆடுகிறவன் தன் கையிலுள்ள விசைப்பிடியை உண்மையாகவே அசைக்காமல் பிடிக்க வேண்டும். இயந்திரம் நடுக்கத்தை அளக்கிறது. நடுங்கினால் கதையிலே ஓர் உயிர் போய்விடும்.

அவன் அப்படி உறைந்திருந்ததைப் பார்த்தபோது, எனக்கு என் தாயார் நினைவு வந்தது. நான் ஏழெட்டு வயதுப் பையன். எங்கள் தகப்பனார் அண்டர்கிரவுண்டில் இருந்தார். பகல் வேளையில் பூமிக்கு அடியிலே 'தொம்' என்று ஒரு சத்தம். பாறை வெடிப்பு. பலகையில் கவிழ்த்து வைத்திருந்த பித்தளைச் சொம்பு உருண்டு விழுந்து, தாழ்வாரம்வரை போய் நின்றது. அம்மாவின் கையில் கரண்டி, கரண்டியிலே களி. அவள் அசையவில்லை. பக்கத்து வீட்டிலும் அரவமில்லை. அந்த லைன் முழுவதும் மூச்சை அடக்கிக்கொண்டு, இன்னொரு சத்தம் வருகிறதா, சங்கு ஊதுகிறதா என்று கேட்டுக்கொண்டிருந்தது. எவ்வளவு நேரம் என்று சொல்லத் தெரியவில்லை. கரண்டியிலிருந்த களி தரையில் சொட்டியதைப் பார்த்த பிறகுதான் அவள் அடுப்பை அணைத்துவிட்டு, முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு ஷாப்டை நோக்கி ஓடினாள். அன்று எங்களுக்கு ஒன்றும் ஆகவில்லை.

அசையாதே என்கிற விதியை எந்தக் கலைஞன் கண்டுபிடித்தான் என்று என் பேரன் வியந்தான். இந்த ஊர்ப் பெண்கள் அந்த விதியை நூறாண்டு ஆடியிருக்கிறார்கள்.

இங்கே ஒரு நிமிஷம் நின்று, நம் நிலத்தடியைப் பற்றி இளைஞர்களுக்குச் சொல்ல வேண்டும். வெளியூரில் உங்களிடம் 'கே.ஜி.எஃப்' என்றவுடன் சினிமாவைப் பற்றித்தான் கேட்பார்கள். ஆகையால் நீங்களே தெரிந்து வைத்திருப்பது நல்லது. 1880-இல் ஜான் டெய்லர் கம்பெனி இங்கே கால் வைத்தது. 1902-இல் சிவசமுத்திரத்து மின்சாரம் இந்தச் சுரங்கங்களுக்கு வந்தது. சாம்பியன் ரீஃப் சுரங்கம் 3 கிலோமீட்டருக்கும் கீழே இறங்கி, உலகத்தின் மிக ஆழமான சுரங்கங்களில் ஒன்றாயிற்று. அந்த ஆழத்திலே பாறையைத் தொட்டால் 60 பாகைக்கு மேல் சூடு. மேலே உள்ள மலையின் பாரமெல்லாம் தாங்கி நிற்கிற பாறை, நடுவிலே கல்லை எடுத்துவிட்டால் பொறுக்காமல் திடீரென்று வெடிக்கும்; எப்போது, எங்கே என்பது தெரியாது. இத்தகைய பாறைச் சிக்கல்களை ஆராய்வதற்கென்றே 1988-இல் தேசியப் பாறை இயக்கவியல் நிறுவனம் இந்த ஊரில் தொடங்கப்பட்டது. 1965-இல், அதே சுரங்கத்தின் ஆழத்திலே பம்பாய் டாட்டா ஆராய்ச்சி நிலையத்தாரும் ஜப்பானியரும் ஆங்கிலேயரும் கருவி வைத்து, வளிமண்டலத்தில் பிறக்கும் நியூட்ரினோ என்ற துகளின் தடத்தைக் கண்டார்கள். எதனோடும் ஒட்டாமல் பூமியையே ஊடுருவிப் போகிறதாகையால் அதற்குப் 'பேய்த் துகள்' என்று செல்லப் பெயர்! நம் சுரங்கத்தில் பேய் உண்டா என்று கேட்கிறவர்களுக்கு, உண்டு, விஞ்ஞானிகளே பிடித்திருக்கிறார்கள் என்று நான் சொல்வது வழக்கம்.

டெய்லர் கம்பெனியோடு வந்த கார்ன்வால் தேசத்துச் சுரங்கக்காரர்களுக்கும் ஒரு பேய் இருந்தது. 'நாக்கர்' என்று பெயர். பாறைக்குள்ளிருந்து தட்டுகிற குள்ள ஆவி. செத்துப்போன சுரங்கத் தொழிலாளிகளே அப்படித் தட்டுகிறார்கள் என்று சிலர் நம்பினார்கள். சரிவு வருமுன் தட்டி எச்சரிக்கும் என்று, தாங்கள் தின்கிற பணியாரத்தில் ஒரு துண்டை அதற்கு விட்டுவைப்பார்கள். கவனியுங்கள்: உண்மையிலேயே சுரங்கத்துக்குள் இறங்கினவன் கற்பனை செய்த ஆவி அவனைக் கொல்லவில்லை, அவனை எச்சரித்தது, அவனிடம் ஒரு வாய் சோறு கேட்டது. சுரங்கத்துக்கு வெளியே நாற்காலியில் உட்கார்ந்திருப்பவன் கற்பனை செய்த ஆவிதான் கோரப்பல்லோடு வருகிறது.

பிறகு, அந்தச் சத்தம். 'டெட் ஸ்பேஸ்' விளையாட்டை என் பேரன் ஆடும்போது அடுத்த அறையில் படுத்திருப்பேன். காற்று அடைத்த தொண்டையிலிருந்து இழுத்து இழுத்து வருகிற ஒரு மூச்சு. நடுவே ஒரு செருமல். பிறகு ஈரமான இருமல். ஆடுகிறவனுக்கு அந்தச் சத்தம் வந்தால் இன்னும் ஐந்து அடியில் சாவு நிற்கிறது என்று அர்த்தம். எனக்கோ, அந்தச் சத்தம் வந்தால் அப்பா விழித்துக்கொண்டார், வெந்நீர் கொடுக்க வேண்டும் என்று அர்த்தம். பாறையைத் துளைக்கும்போது எழுகிற கல்தூசி நுரையீரலிலே தங்கி, அதைக் கல்லாக்குகிற சிலிகோசிஸ் என்ற வியாதியை நான் உங்களுக்கு விவரிக்க வேண்டியதில்லை. 1940-களில் இங்கே 7,000-க்கும் மேற்பட்ட தொழிலாளிகளைச் சோதித்துப் பார்த்த வைத்தியர்கள், நூற்றுக்கு 40-க்கு மேற்பட்டோருக்கு அது இருக்கக் கண்டார்கள். நூற்றுக்கு நாற்பது பேர்! விளையாட்டிலே இவ்வளவு பேரைக் கோர ரூபமாக்கினால் மிகைப்படுத்திவிட்டார்கள் என்று விமர்சகர்கள் எழுதுவார்கள்.

ஆகவே பிள்ளைகள் இதை ஆடக்கூடாது என்கிறேனா? இல்லவே இல்லை. பயத்தை அனுபவிப்பது மனிதனுக்கு ஒரு கலைச் சுகம். என்னுடைய குறை வேறு. இந்த விளையாட்டுகளிலே பகைவன் எங்கிருந்து வந்தான் என்பதைக் கதை நன்றாக அறிந்திருக்கிறது. பூமிக்கடியில் விட்டுவிடப்பட்டவன் அவன், பசித்தவன், நுரையீரல் போனவன். அறிந்திருந்தும், ஆடுபவனுடைய கையிலே கொடுப்பது வெட்டுகிற கருவியும் எரிக்கிற நெருப்பும் மட்டுந்தான். அவனோடு பேசுவதற்கென்று ஒரு விசை அந்தப் பிடியிலே இல்லை.

நம்முடைய பழைய காவியத்தில் அந்த விசை இருந்தது. மணிமேகலையைச் சொல்கிறேன். இந்த ஊரிலே அதைச் சொல்வதற்கு விசேஷப் பொருத்தமும் உண்டு. அயோத்திதாசப் பண்டிதருடைய சாக்கிய பௌத்த சங்கம் மாரிக்குப்பத்திலும் சாம்பியன் ரீஃபிலும் வேரூன்றிய காலத்தில், அவர் 1907-இல் தொடங்கிய பத்திரிகை இங்கே வாசிக்கப்பட்டது. அவருக்குப் பின் ஒரு காலத்தில் 'தமிழன்' என்ற அந்தப் பத்திரிகை தங்கவயலிலிருந்தே, அப்பாதுரையாருடைய பொறுப்பில் வெளிவந்தது. பாறை உடைத்துவிட்டு வந்த மனிதர்கள் இரவில் விளக்கு வைத்துக்கொண்டு பௌத்தம் பேசிய ஊர் இது.

மணிமேகலையிலே காயசண்டிகை என்றொருத்தி வருகிறாள். முனிவனுடைய சாபத்தால் அவளுக்கு யானைத்தீ என்னும் பெரும்பசி. எவ்வளவு தின்றாலும் தீராது. வெண்டிகோவின் வியாதி அதுவேதான் அல்லவா? கனடா மலையிலே அதற்கு மருந்து நெருப்பு. காவிரிப்பூம்பட்டினத்திலே அதற்கு மருந்து அமுதசுரபியிலிருந்து ஒரு கைப்பிடிச் சோறு. மணிமேகலை அவளுக்கு அதை இட்டாள், தீ அணைந்தது.

அதே காவியத்தில் சாதுவன் கதை இன்னும் விசித்திரமானது. கப்பல் உடைந்து, நாகர்களுடைய மலைக்கரையில் ஒதுங்குகிறான். மனிதரைத் தின்கிறவர்கள் அந்த நாகர்கள். ஒரு மரத்தடியில் அவன் அயர்ந்து கிடக்க, அவர்கள் சூழ்ந்துகொண்டு இரை கிடைத்தது என்கிறார்கள். நீங்கள் விளையாடுகிற ஆட்டமாக இருந்தால் இந்த இடத்தில் எத்தனை தோட்டா மீதி என்று பார்ப்பீர்கள். சாதுவன் என்ன செய்தான்? அவர்களுடைய பாஷையிலே பேசினான். அவனுக்கு அந்த மொழி தெரிந்திருந்தது! கொல்ல வந்தவர்கள் கைகளை இறக்கி, அவனைத் தங்கள் தலைவனிடம் கூட்டிக்கொண்டு போகிறார்கள். கள் காய்கிற பானையும், புலால் நாற்றமும், உலர்ந்த எலும்புக் குவியலுமாக, கரடிபோல் தன் பெண்ணோடு உட்கார்ந்திருக்கிறான் தலைவன். விருந்தாளிக்குக் கள்ளும் இறைச்சியும் கொடுக்கச் சொல்கிறான். சாதுவன் மறுக்கிறான். உயிர் என்று ஒன்று உண்டா என்று தலைவன் சிரிக்கிறான். இருவரும் தர்க்கம் செய்கிறார்கள். கடைசியில், கரை ஒதுங்குகிறவர்களைக் கொல்வதில்லை என்று அந்த நாகன் ஒப்புக்கொள்கிறான். நல்ல சாமான்களும் கொடுத்து அனுப்புகிறான். இந்தக் காட்சிக்கு நிகரான ஒரு காட்சி உலகத்துப் பேய்க்கதைகளில் எனக்குக் கிடைத்ததில்லை.

கிடைத்ததில்லை என்று சொன்னது முழு உண்மையல்ல. 'அன்டில் டான்' விளையாட்டின் முடிவுக்குப் பக்கத்தில் ஓர் இடம் இருக்கிறது. என் பேரன் எனக்குக் காட்டினான். வெண்டிகோக்களில் ஒன்று, தொழிலாளி அல்ல. ஒரு வருஷத்துக்கு முன் அந்தச் சுரங்கத்துக்குள் விழுந்து காணாமற்போன ஹன்னா என்ற இளம்பெண். அவளுடைய அண்ணன் அதன் கையில் சிக்கிக்கொள்கிறான். அதற்கு முன்பு அவளுடைய நாட்குறிப்பைத் தேடி எடுத்திருந்தால், அந்தத் தருணத்தில் அவன் அந்தக் கோர ரூபத்தின் கையில் பச்சை குத்தியிருப்பதைப் பார்த்து, அவளைப் பெயர் சொல்லி அழைக்கிறான். அது அவனைக் கொல்வதில்லை. நாட்குறிப்பைத் தேடாமல் வந்திருந்தால் அவன் அழைப்பதில்லை, கொன்றுவிடுகிறது. என்னுடைய பேரன் முதல் தடவை ஆடியபோது தேடவில்லையாம். "அவசரத்துல ஓடிட்டேன் தாத்தா" என்றான்.

இளைஞர்களே! உங்களில் சிலர் சித்திரம் எழுதுகிறவர்கள், கணினி கற்றவர்கள். 1997-இலேயே பெங்களூரில் துருவா இன்டராக்டிவ் என்ற நிறுவனம் தொடங்கி, வெளிநாட்டு விளையாட்டுகளுக்கு வேண்டிய சித்திர வேலையை இங்கேயே செய்ய ஆரம்பித்துவிட்டார்கள். நாளைக்கு உங்களில் ஒருவன் சாம்பியன் ரீஃபின் ஆழத்தை வைத்து ஓர் ஆட்டம் செய்தால், அதற்குக் கோரப்பல் எதையும் வரைய வேண்டாம் என்று நான் கேட்டுக்கொள்கிறேன். கேஜ் இறங்கட்டும், காது அடைக்கட்டும், சூடு ஏறட்டும், தலை விளக்கின் வட்டத்துக்குள் தூசி மிதக்கட்டும், பாறை உள்ளுக்குள்ளே நறநறவென்று பேசட்டும். ஆடுகிறவன் துளையிடுவதை நிறுத்திவிட்டுக் கேட்க வேண்டும். கேட்டுவிட்டு, இன்னும் நான்கு அடி துளைத்தால்தான் கணக்கு முடியும் என்ற நிலையில், துளைப்பதா ஓடுவதா என்று தீர்மானிக்க வேண்டும். இதைவிடப் பயங்கரமான ஆட்டம் ஒன்று உண்டா?

நேரமாகிறது என்று அவைத் தலைவர் கடிகாரத்தைப் பார்க்கிறார். ஒன்றைச் சொல்லி முடித்துக்கொள்கிறேன்.

எங்கள் தெருவில் ஒரு பெரியவர் இருக்கிறார். சுரங்கத்தில் கூரைக்கு மரம் முட்டுக்கொடுக்கிற டிம்பர்மேனாக இருபத்தெட்டு வருஷம் உழைத்தவர். போன மாதம் என் வீட்டுக்கு வந்திருந்தபோது, பேரன் அந்த 'அன்டில் டான்' சுரங்கக் காட்சியை ஆடிக்கொண்டிருந்தான். பெரியவர் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு திரைக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். இருட்டு, சொட்டுகிற தண்ணீர், தண்டவாளம், சாய்ந்த மரத்தூண்கள். பையனுக்கு மூச்சு இரைத்தது. பெரியவரோ, "இன்னாடா தம்பி, இந்தத் தூணு நிக்காதே... ஆப்பு எங்கே அடிச்சிருக்கான்? மேலே தலைக்கட்டை சரியா உக்காரலே" என்று சொல்லிக்கொண்டே வந்தார். ஒரு மேஸ்திரி புதுப் பையனுக்குச் சொல்கிற அதே தோரணை. திடீரென்று அலறல், திரை முழுக்க அந்த வெளுத்த கண்ணும் கிழிந்த வாயும். பேரன் துள்ளி விசைப்பிடியைக் கீழே போட்டுவிட்டான். நானும் பதறிவிட்டேன் என்பதை ஒப்புக்கொள்கிறேன். பெரியவர் மட்டும் நகரவில்லை. கண்ணுக்கு மேலே கையை வைத்துக்கொண்டு, அந்த முகத்தை உற்றுப் பார்த்தார்.

"டேய் தம்பி," என்றார், "இவன் எந்த ஷிப்ட்ல மாட்டிக்கினான்?"

பேரனுக்குப் பதில் தெரியவில்லை. ஆட்டத்தை நிறுத்திவிட்டு, முதலிலிருந்து தேடுகிறேன் தாத்தா என்றான். இன்னும் தேடிக்கொண்டிருக்கிறான்.